மணலில் ஓடும் முன் என்ன படிக்கலாம்?

கேள்வி:

நான் தூத்துக்குடியில் ஒரு பள்ளியில் கணக்கு ஆசிரியை. வயது 36. நான்கு வருஷமாக ஓடுகிறேன். முழு மாரத்தான் இரண்டு முடித்திருக்கிறேன். இரண்டாவது 5 மணி 10 நிமிடம். எங்கள் ஓட்டக் குழுவில் சிலர் அடுத்த குளிர்காலத்தில் ராஜஸ்தானில் நடக்கும் மாரத்தானைவிட நீண்ட பாலைவன அல்ட்ரா ஓட்டம் ஒன்றுக்கு, 50 கிலோமீட்டர் பிரிவில் பெயர் கொடுக்கப் போகிறார்கள். என்னையும் கூப்பிடுகிறார்கள். ஆசையாகத்தான் இருக்கிறது. அம்மாவிடம் சொன்னேன். “உனக்கு எதுக்குடி இந்த வேலை?” என்று கேட்டார். என்ன பதில் சொல்வதென்று தெரியவில்லை.

எதையும் படித்துவிட்டுச் செய்வது என் வழக்கம். மஸ்கட்டில் வேலை பார்க்கும் தம்பி, வெறுங்கால் ஓட்டத்தைப் புகழும் ‘பார்ன் டு ரன்’ புத்தகத்தை வாங்கி அனுப்பினான். இரண்டே ராத்திரியில் முடித்தேன். மறுநாள் விடியற்காலை ஷூவைக் கழற்றி வைத்துவிட்டுக் கடற்கரை ஓரமாக 8 கிலோமீட்டர் ஓடினேன். மூன்று வாரமாகக் கெண்டைக்காலில் வலி.

பாலைவன ஓட்டம் பற்றி வேறு என்ன புத்தகங்கள் இருக்கின்றன? எதை முதலில் படிப்பது? எவ்வளவு தூரம் நம்பலாம்? பெண்கள் எழுதியது ஏதாவது உண்டா? ஆங்கிலம் படிப்பேன், கொஞ்சம் மெதுவாக.

— ஒரு வாசகி, தூத்துக்குடி

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

முதலில் காலைப் பார்ப்போம். வலி முழுக்க விடும்வரை வெறுங்காலில் ஓட வேண்டாம். வேகமாக நடந்தாலே வலித்தால் ஒரு பிசியோதெரபிஸ்டிடம் காட்டிவிடுங்கள். 2009இல் கிறிஸ்டோபர் மெக்டூகலின் அந்தப் புத்தகம் வந்தபோது உங்களைப் போலவே பலர் ஷூவைக் கழற்றினார்கள். ஒவ்வொரு விரலுக்கும் தனி உறை வைத்த ஷூக்கள் கொடிகட்டிப் பறந்த காலம் அது. அவை காயத்தைக் குறைக்கும், காலை வலுவாக்கும் என்று விளம்பரம் செய்த விப்ரம் நிறுவனம், அதற்கு ஆதாரமில்லை என்று தன்மேல் தொடுக்கப்பட்ட வழக்கில் 2014இல் 37.5 லட்சம் டாலருக்குச் சமரசம் செய்துகொண்டது.

புத்தகத்தில் வரும் மெக்சிகோவின் ரராமுரி மக்கள் பழைய டயரை வெட்டி, தோல்வாரால் கட்டிய செருப்புப் போட்டுத்தான் ஓடுகிறார்கள். பலர் இதைக் கவனிக்காமல் தாண்டிவிடுகிறார்கள். 1993இல் அமெரிக்காவின் லெட்வில் 100 மைல் ஓட்டத்தில் முதலாவதாக வந்த விக்டோரியானோ சுரோவுக்கு அப்போது வயது 55. அவர் காலில் இருந்ததும் டயர் செருப்புதான். அந்தக் கால் ஐம்பது வருஷம் மலையேறி இறங்கிப் பழகியது. நம் கால் ஷூவுக்குள் வளர்ந்தது. ஒரே காலைப்பொழுதில் அதை மாற்றிவிட முடியாது.

ஆனாலும் அந்தப் புத்தகத்தைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். கலஹாரி பாலைவனத்து வேட்டையைப் பற்றிய அத்தியாயத்தை மட்டும் இன்னொரு முறை நிதானமாகப் படியுங்கள். லூயிஸ் லீபன்பெர்க் என்பவர் சான் இனத்து வேட்டைக்காரர்களோடு சேர்ந்து ஓடிக் கற்றுக்கொண்டது அதில் வருகிறது. உச்சிவெயிலில், குடு என்ற பெரிய மானை அவர்கள் மணிக்கணக்கில் விடாமல் துரத்துவார்கள். மான் நம்மைவிடப் பல மடங்கு வேகம். ஆனால் அது மூச்சிரைத்துத்தான் உடல் சூட்டைத் தணிக்க வேண்டும். பாய்ச்சலில் ஓடும்போது அப்படி இரைக்க முடியாது. மனிதனுக்கு உடம்பு முழுக்க வியர்க்கிறது. நிழலில் நின்று ஆற விடாமல் திரும்பத் திரும்பக் கிளப்பிவிட்டால், மான் சூடேறி ஓரிடத்தில் அசையாமல் நின்றுவிடும். வேட்டைக்காரன் நடந்துபோய் அருகில் நிற்பான். பாலைவன ஓட்டத்துக்கு இதைவிடப் பழைய பாடம் கிடையாது. அதில் வேகத்தைப் பற்றி ஒரு சொல் இல்லை. சூட்டைத் தாங்கும் பொறுமை, தடம் பார்க்கத் தெரிந்த கண், இவ்வளவுதான்.

இனி நீங்கள் கேட்ட புத்தகங்கள்.

என்னைக் கேட்டால் ஆதரானந்த் ஃபின் எழுதிய ‘தி ரைஸ் ஆஃப் தி அல்ட்ரா ரன்னர்ஸ்’ புத்தகத்தில் தொடங்கச் சொல்வேன். 2019இல் வந்தது. பெயரைப் பார்த்து நம் நாட்டுக்காரர் என்று எண்ணிவிடாதீர்கள். அவர் ஆங்கிலேயப் பத்திரிகையாளர். அல்ட்ராவை ஓரளவு சந்தேகத்தோடு பார்த்தவர், ஒரு பத்திரிகைக் கட்டுரைக்காக ஓமானில் 165 கிலோமீட்டர் பாலைவன ஓட்டத்துக்குப் போகிறார். புத்தகம் அந்த மணலில்தான் ஆரம்பிக்கிறது. தார்ச்சாலையில் நன்றாக ஓடத் தெரிந்த ஒருவருக்கு மணலில் காலடி வழுக்கி, வேகம் போய், கணக்கெல்லாம் தப்பிப்போவதை மறைக்காமல் எழுதியிருக்கிறார். உங்கள் தம்பி இருக்கும் ஊரிலிருந்து அந்த மணல் சில மணி நேரப் பயணம். அவரையும் படிக்கச் சொல்லுங்கள்.

அந்த மணலை எனக்கும் தெரியும். பதினொரு வருஷம் மஸ்கட்டில் வேலை பார்த்தேன். வெள்ளிக்கிழமை விடிவதற்கு முன்பே நண்பர்களோடு ஜீப்பில் கிளம்பி பிதியா பக்கம் போய், மணல்மேடுகளில் ஓடிவிட்டு வெயில் ஏறுவதற்குள் திரும்புவோம். ஒருநாள் நான் மட்டும் ஒரு மேட்டைச் சுற்றி வரலாம் என்று பிரிந்து ஓடினேன். கால் மணி நேரம் கழித்துத் திரும்பினால் ஜீப் நின்ற பக்கம் எதுவென்று தெரியவில்லை. எல்லா மேடும் ஒரே மேடுபோல இருந்தது. என் காலடித் தடத்தையே பிடித்துத் திரும்பிவிடலாம் என்று குனிந்து பார்த்தேன். சரிவில் நாலைந்து தடம் தெரிந்தது. மேட்டின் முகட்டில் காற்று மணலை வரிவரியாக இழுத்துக்கொண்டு போனது. கண்ணெதிரே ஒரு தடத்தின் விளிம்பு சரிந்து, குதிகால் குழி நிரம்பி, அங்கே ஒருவன் மிதித்ததற்கு அடையாளமே இல்லாமல் போனது. கையில் அரை லிட்டர் தண்ணீர்கூட இல்லை. ஓட வேண்டும், எந்தப் பக்கமாவது ஓட வேண்டும் என்று கால் துடித்ததே, அதை இன்றைக்கும் மறக்கவில்லை. ஓடாமல் உட்கார்ந்தேன். நாற்பது நிமிடம் கழித்து ஹாரன் சத்தம் கேட்டது. ஜீப் இருந்தது முந்நூறு மீட்டருக்குள், நான் ஓடியிருக்கக்கூடிய பக்கத்துக்கு நேர் எதிரில்.

நான் உட்கார்ந்ததற்குக் காரணம் மௌரோ ப்ராஸ்பெரியின் கதை. பாலைவன ஓட்டம் பற்றிய எந்தப் புத்தகத்தை எடுத்தாலும் அவர் பெயர் வரும்; வராவிட்டால் நீங்களே தேடிப் படித்துவிடுங்கள். மொராக்கோவின் தென்பகுதியில் நடக்கும் மராத்தான் டே சாப்ல என்ற பந்தயம்தான் இந்தத் துறையின் தாய்வீடு. பாட்ரிக் பாவர் என்ற பிரெஞ்சுக்காரர் 1984இல் அல்ஜீரிய சகாராவில் 35 கிலோ மூட்டையைச் சுமந்து 12 நாளில் 350 கிலோமீட்டர் தனியாக நடந்தார். அந்த அனுபவத்தை மற்றவர்களுக்கும் தர நினைத்து 1986இல் பந்தயத்தைத் தொடங்கினார். முதல் வருஷம் ஓடியவர்கள் 23 பேர். ஏறத்தாழ 250 கிலோமீட்டரைப் பல கட்டமாக ஒரு வாரத்தில் கடக்க வேண்டும். சாப்பாடு, படுக்கை எல்லாம் முதுகில். தண்ணீரும், தலைக்கு மேல் ஒரு கூடாரமும் மட்டும் கொடுப்பார்கள்.

1994இல் அதன் நீண்ட கட்டத்தில் மணல்புயல் வந்தது. இத்தாலியக் காவலரான ப்ராஸ்பெரி முன்வரிசையில் ஓடிக்கொண்டிருந்தார். இடம் போய்விடுமே என்று புயலிலும் நிற்காமல் ஓடினார். புயல் அடங்கியபோது பாதை, கொடி, மனிதர் ஒன்றும் இல்லை. மறுநாள் தலைக்கு மேல் ஹெலிகாப்டர் பறந்தது. அவர் ஏற்றிய வெளிச்சக்குழல் அதன் கண்ணில் படவில்லை. ஆளில்லாத ஒரு சிறு தர்காவில் ஒதுங்கி, அங்கிருந்த வௌவால்களைப் பிடித்துத் தின்றார். தன் சிறுநீரையே குடித்தார். நம்பிக்கை முழுக்க அற்றுப்போய் உயிரை விடவும் துணிந்தார். உடம்பில் நீர் வற்றி ரத்தம் கெட்டியாகி வழியாமல் நின்றதால் பிழைத்தார். அதன்பின் காலையிலும் மாலையிலும் மட்டும் நடந்து, ஆடு மேய்க்கும் ஒரு சிறுமியின் கண்ணில் பட்டு, நாடோடிகளால் காப்பாற்றப்பட்டபோது அவர் இருந்தது அல்ஜீரியாவில். சுமார் பத்து நாள், முந்நூறு கிலோமீட்டருக்கு அருகில். இப்போது அந்தப் பந்தயத்தில் ஒவ்வொருவர் முதுகிலும் ஜி.பி.எஸ். கருவி இருக்கிறது.

பலர் இந்தக் கதையை வீரக் கதையாகச் சொல்கிறார்கள். எனக்கு அதில் அந்த முதல் ஒரு மணி நேரம்தான் முக்கியம். புயல் வந்ததும் நின்றிருந்தால் அத்தனையும் நடந்திருக்காது. நின்றால் இடம் போகும், அவ்வளவுதானே. நீங்கள் படிக்கப்போகும் எல்லாப் புத்தகத்திலும் இதையே தேடுங்கள்: எழுதியவர் எங்கே நின்றார், எங்கே நிற்காமல் போனார், அதற்கு என்ன விலை கொடுத்தார். வென்ற பக்கங்களை வேகமாகத் தாண்டிவிடலாம்.

வென்றவர்கள் எழுதியவற்றில் இரண்டு பெயர்கள் அடிக்கடி காதில் விழும். டீன் கார்னாசெஸின் ‘அல்ட்ராமாரத்தான் மேன்’ 2005இல் வந்தது. முப்பதாவது பிறந்தநாள் இரவில் திடீரென்று கிளம்பி 30 மைல் ஓடிய கதையில் ஆரம்பித்து, ஓடிக்கொண்டே நடுரோட்டுக்கு பீட்சா வரவழைத்தது வரை எல்லாம் உண்டு. ஒரு மூச்சில் படித்துவிடலாம். உற்சாகம் கட்டாயம் வரும். ஆனால் முன்பயிற்சி இல்லாமல் ஒரே ராத்திரியில் 48 கிலோமீட்டர் ஓடியவர் கதையை, மூன்று வாரமாகக் கெண்டைக்கால் வலியோடு இருப்பவர் இப்போது படிக்க வேண்டாம். கால் சரியான பிறகு பார்த்துக்கொள்ளலாம். ஸ்காட் ஜூரெக்கின் ‘ஈட் அண்ட் ரன்’ (2012) அதைவிட ஆழமானது. கலிபோர்னியாவின் மரணப் பள்ளத்தாக்கில் ஜூலை மாதத்தில் நடக்கும் பேட்வாட்டர் ஓட்டத்தை அவர் 2005இலும் 2006இலும் வென்றார். கடல்மட்டத்துக்கு 86 மீட்டர் கீழே தொடங்கி, விட்னி மலைவாசல்வரை 217 கிலோமீட்டர். உலகிலேயே மிக அதிகமாகப் பதிவான வெப்பம், 56.7 டிகிரி செல்சியஸ், 1913இல் அந்தப் பள்ளத்தாக்கில்தான் பதிவானது. தார் கொதிக்கும் என்பதால் சாலை ஓரத்து வெள்ளைக் கோட்டின்மேலேயே ஓடுவார்கள். 2005இல் ஜூரெக் வழியில் வாந்தி எடுத்துச் சுருண்டு விழுகிறார். ஐஸ் நிரப்பிய பெட்டிக்குள் உடம்பை இறக்கிக் குளிர வைக்கிறார்கள். பிறகு எழுந்து ஓடி, அந்த வருஷம் புதிய சாதனை நேரத்தில் முடித்தார். படிக்கும்போது நம் கண் அந்தச் சாதனையில் நிற்கும். ஐஸ் பெட்டியையும், அதைத் தூக்கிக்கொண்டு வந்த நண்பர்களையும் கவனியுங்கள். பேட்வாட்டரில் துணைக்குழு இல்லாமல் யாரும் ஓடுவதில்லை.

பெண்கள் எழுதியது கேட்டீர்கள். அதே பேட்வாட்டரில் 2002இல் ஆண், பெண் எல்லோரையும் முந்தி முதலாவதாக வந்தவர் பாம் ரீட். மறு வருஷமும் அவரே. ‘தி எக்ஸ்ட்ரா மைல்’ (2006) அவர் புத்தகம். எழுத்து சாதாரணம்தான், அலங்காரம் கிடையாது. ஆனால் குடும்பம், பிள்ளைகள், வேலை எல்லாவற்றுக்கும் நடுவில் கிடைத்த துண்டு நேரத்தில் ஓடிய ஒருவரை அதில் பார்க்கலாம். இளவயதில் சாப்பிட மறுக்கும் நோயோடு போராடியதையும் ஒளிக்காமல் சொல்கிறார். ஓட்டக்காரப் பெண்களிடையே அந்தச் சிக்கல் உண்டு. எடை குறைந்தால் வேகம் கூடும் என்ற எண்ணம் ஆளைத் தின்றுவிடும். நீங்கள் கணக்கு ஆசிரியை. நீங்களே போட்டுப் பாருங்கள்: ஒரு கிலோமீட்டர் ஓட, உடல் எடையில் கிலோவுக்கு ஏறத்தாழ ஒரு கிலோகலோரி. 60 கிலோ எடையுள்ளவர் 40 கிலோமீட்டர் ஓடினால் 2400. மொராக்கோ பந்தயத்தில் நாளுக்குக் குறைந்தது 2000 கிலோகலோரி உணவு சுமந்தே ஆக வேண்டும் என்று விதி வைத்திருக்கிறார்கள். ஓட்டத்துக்கே போதவில்லை, மூச்சு விடவும் உடம்பு சூடு காக்கவும் மீதி எங்கிருந்து வரும்? அதனால்தான் அங்கே போகிறவர்கள் ஒரு வாரத்தில் இளைத்துத் திரும்புகிறார்கள். உங்கள் 50 கிலோமீட்டருக்கு இந்தச் சங்கடம் இல்லை. பயிற்சிக் காலத்தில் மட்டும் வயிற்றைக் காயப்போடாதீர்கள்.

அடுத்தது தண்ணீர். இதைப் பற்றி ஓட்டப் புத்தகங்களை நம்பவே வேண்டாம். டிம் நோக்ஸ் என்ற தென்னாப்பிரிக்க மருத்துவர் 2012இல் எழுதிய ‘வாட்டர்லாக்டு’ மருத்துவப் புத்தகம். தடிமனாக இருக்கும், நடு அத்தியாயங்கள் இரண்டு மூன்று போதும். தாகத்துக்கு மேல் தண்ணீரை ஊற்றிக்கொண்டால் ரத்தத்தில் சோடியம் குறைந்து உயிருக்கே ஆபத்து வரும் என்பதுதான் அதன் சாரம். 2002 பாஸ்டன் மராத்தானில் ஓடி முடித்த 488 பேரின் ரத்தத்தைச் சோதித்தார்கள். 13 சதவீதம் பேருக்கு சோடியம் குறைந்திருந்தது. ஓடிய பிறகு எடை கூடியிருந்தவர்கள், நான்கு மணி நேரத்துக்கு மேல் எடுத்துக்கொண்டவர்கள், இவர்களிடம்தான் அது அதிகம். உங்கள் நேரம் 5 மணி 10 நிமிடம். ஒவ்வொரு தண்ணீர்ப் பந்தலிலும் நின்று குடித்துக்கொண்டே போக உங்களுக்கு நேரமும் உண்டு. ஆகவே இது உங்களுக்கான அத்தியாயம். ஓட்டத்தில் உப்பு சேர்ப்பதற்கே அவசியமில்லை என்கிற அளவுக்கு நோக்ஸ் போகும் இடங்களை மட்டும் நான் ஏற்பதில்லை. நீண்ட வெயில் ஓட்டத்தில் ஓ.ஆர்.எஸ். பொட்டலம் என் பையில் எப்போதும் இருக்கும், பொட்டலத்தில் போட்டிருக்கிற அளவுத் தண்ணீரில்தான் கரைப்பேன்.

உங்களுக்கு ஒரு வசதி இருக்கிறது. தூத்துக்குடிக்காரருக்கு உப்பையும் வெயிலையும் யாரும் சொல்லித்தர வேண்டாம். உப்பளப் பாத்தியில் நீர் வற்ற வற்ற ஓரத்தில் வெள்ளையாகப் பூக்குமே, அதேதான் பாலைவனத்தில் உங்கள் கையிலும் சட்டையிலும் நடக்கும். ஒரு லிட்டர் வியர்வை ஆவியாகும்போது உடம்பிலிருந்து ஏறத்தாழ 580 கிலோகலோரி வெப்பத்தை எடுத்துப் போகிறது. ஆனால் ஆவியாக வேண்டும். சொட்டிக் கீழே விழுந்தால் பயனில்லை. நம் கடற்கரை ஈரக்காற்றில் வியர்வை சொட்டிக்கொண்டே இருக்கும், உடம்பு ஆறாது. வறண்ட காற்றில் நேர்மாறு. தோல் காய்ந்தே இருக்கும், வியர்க்கவே இல்லை என்று தோன்றும். உள்ளேயிருந்து நீர் போய்க்கொண்டே இருக்கும். கையைத் தடவினால் நறநறவென்று உப்பு ஒட்டும்போதுதான் தெரியும். உப்பளத்து ரோட்டில் காலை எட்டு மணிக்கு மேல் நடை கலந்து ஓடிப் பழகுங்கள். உடம்பு வெயிலுக்குத் தயாராகப் பத்துப் பதினான்கு நாள் பிடிக்கும். அந்த நேரத்தில் பாத்திக்குள் இறங்கி உப்பு வாருகிறவர்களிடம் பேச்சுக் கொடுத்துப் பாருங்கள். எப்போது குடிப்பார்கள், எதைத் தலையில் கட்டுவார்கள், எந்த நேரத்தில் வேலையை நிறுத்துவார்கள் என்று அவர்களுக்குத் தெரிந்த அளவு எந்தப் புத்தகத்திலும் இல்லை.

ஒரு எச்சரிக்கை. பல ஓட்டக்காரர்கள் வலி மாத்திரையை மிட்டாய் மாதிரி விழுங்கியதாக எழுதியிருப்பார்கள். பின்பற்றாதீர்கள். 2017இல் வெளியான ஓர் ஆய்வு கோபி, அட்டகாமா போன்ற இடங்களில் நடந்த பல நாள் ஓட்டங்களில் கலந்துகொண்டவர்களைப் பார்த்தது. அதில் இலங்கையில் நடந்த ஓட்டமும் ஒன்று. ஐபுப்ரோஃபென் எடுத்தவர்களில் பாதிக்கும் சற்று மேலானவர்களுக்குச் சிறுநீரகம் பாதிக்கப்பட்டதற்கான அறிகுறி இருந்தது. வெற்று மாத்திரை எடுத்தவர்களில் மூன்றில் ஒரு பங்கினருக்கு. வெயிலில் ஓடுவதே சிறுநீரகத்துக்குச் சுமை; மாத்திரையும் சேர வேண்டாம். கிளம்பும் முன் ஒரு ஈ.சி.ஜி.யும் எடுத்துவிடுங்கள். ‘பார்ன் டு ரன்’ புத்தகத்தின் நாயகரான மைக்கா ட்ரூ, அதில் ‘வெள்ளைக் குதிரை’ என்ற பெயரில் வருபவர், 2012இல் நியூ மெக்சிகோவில் வழக்கமான ஓட்டம் ஒன்றுக்குத் தனியாகப் போனவர் திரும்பவில்லை. இதயத் தசை நோய் என்று பிறகு தெரியவந்தது. வயது 58.

பாதத்தைப் பற்றி ஒரு காட்சி சொல்கிறேன். மணல் ஷூவுக்குள் போகாமலிருக்க பாராசூட் துணியில் தைத்த உறை ஒன்றைக் கணுக்காலுக்கு மேல் வரை மாட்டுவார்கள். கெய்ட்டர் என்று பெயர். அதை ஷூவோடு பிடித்துவைக்க ஷூவைச் சுற்றிலும் வெல்க்ரோ பட்டை வேண்டும். பசை போட்டு ஒட்டினால் சூட்டில் இளகி, இரண்டாம் மணி நேரத்திலேயே வாயைப் பிளந்துவிடும். எனக்கு அப்படித்தான் ஆயிற்று. உள்ளே போன மணல் உப்புத்தாள் மாதிரி தேய்த்து இரண்டு குதிகாலிலும் கொப்புளம். அடுத்த விடுமுறையில் ஊருக்கு வந்தபோது பஸ் ஸ்டாண்ட் அருகே செருப்பு தைக்கும் பெரியவரிடம் ஷூவைக் கொடுத்தேன். அவர் பட்டையை அடிப்பாகத்துக்கும் மேல்துணிக்கும் நடுவே வைத்துப் பார்த்தார். “இப்படித் தைச்சா ஊசி உள்பக்கம் வரும் தம்பி, முடிச்சு கால்ல குத்தும்” என்று சொல்லி, உள்ளிருந்த அட்டையை முதலில் வெளியே எடுத்தார். மெழுகு தேய்த்த நூலால் ஒவ்வொரு தையலாக இழுத்து, முடிச்சையெல்லாம் வெளிப்பக்கமே போட்டார். ஒரு ஷூவுக்கு ஒரு மணி நேரம். அந்த ஷூ கிழிந்து போகும்வரை பட்டை அசையவில்லை. நீங்கள் போகும் பந்தயத்தில் எவ்வளவு தூரம் தார், எவ்வளவு தூரம் மணல் என்று அமைப்பாளர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள். மணல் அதிகமென்றால் இதைச் செய்யுங்கள். முக்கால்வாசி தார் என்றால் வேண்டாம். வீங்கும் காலுக்காக அரை அளவு பெரிய ஷூ எடுப்பது மட்டும் எப்படியும் நல்லது.

இன்னும் சிலவற்றைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். டியான் லியோனார்டின் ‘ஃபைண்டிங் கோபி’ (2017), கோபி பாலைவன ஓட்டத்தில் ஒரு தெருநாய்க்குட்டி ஏறத்தாழ 125 கிலோமீட்டர் கூடவே ஓடிவந்த கதை. உங்கள் வகுப்புப் பிள்ளைகளுக்கு வாசித்துக் காட்டலாம். சார்லி எங்கிலின் ‘ரன்னிங் மேன்’ (2016) கனமானது: போதையிலிருந்து மீண்டவர், இரண்டு நண்பர்களோடு செனகலிலிருந்து செங்கடல்வரை சகாராவை 111 நாளில் ஓடிக் கடந்தவர், பிறகு சிறைக்குப் போய், அந்தச் சிறை வளாகத்துக்குள்ளேயே 135 மைல் ஓடியவர். தன்னைப் பற்றி நிறையப் பேசுவார். பொறுத்துக்கொண்டால் சகாரா பக்கங்கள் நன்றாக இருக்கும்.

ஓட்டமே இல்லாத மூன்று புத்தகங்களையும் சேர்த்துக்கொள்ளச் சொல்வேன். பாலைவனத்தைத் தெரிந்துகொள்ள இவைதான் மேல். ராபின் டேவிட்சனின் ‘ட்ராக்ஸ்’ (1980): நான்கு ஒட்டகமும் ஒரு நாயுமாக ஒரு இளம்பெண் ஆலிஸ் ஸ்பிரிங்ஸிலிருந்து இந்தியப் பெருங்கடல்வரை சுமார் 2,700 கிலோமீட்டர் நடந்தது. அவரிடமும் எல்லோரும் உங்கள் அம்மா கேட்டதையேதான் கேட்டார்கள். இரண்டாவது, செந்த் எக்சுபெரியின் ‘விண்ட், சேண்ட் அண்ட் ஸ்டார்ஸ்’. ‘குட்டி இளவரசன்’ எழுதியவர்தான். அதை நீங்கள் தமிழிலேயே படித்திருப்பீர்கள். 1935 கடைசியில் அவர் விமானம் சகாராவில் விழுந்தது. அவரும் மெக்கானிக்கும் கையில் கொஞ்சம் பழமும் காபியும் வைத்துக்கொண்டு நாட்கணக்கில் நடந்தார்கள். பாராசூட் துணியை விரித்துப் பனிநீர் பிடித்துக் குடிக்கப் பார்த்தார்கள். கடைசியில் ஒரு பெதுயின் வந்து காப்பாற்றினார். தாகத்தைப் பற்றி இப்படி எழுதியவர் வேறொருவர் எனக்குத் தெரிந்து இல்லை.

மூன்றாவது பென்யாமினின் ‘ஆடுஜீவிதம்’. மலையாளத்தில் 2008இல் வந்தது, தமிழிலும் கிடைக்கிறது. வேலை தேடி வளைகுடாவுக்குப் போய் ஆட்டுப்பட்டியில் அடிமையாகச் சிக்கிய ஒருவன், பாலைவனத்தில் நடந்தும் ஓடியும் தப்புகிறான். நாவல்தான், ஆனால் உண்மையில் நடந்ததிலிருந்து எழுந்தது. பதினொரு வருஷம் அந்த மண்ணில் சம்பளம் வாங்கி, வெள்ளிக்கிழமைகளில் ஆசைக்காக அதே மணலில் ஓடிய எனக்கு அந்தப் புத்தகத்தைப் படித்தபோது தொண்டை அடைத்தது. ஒருவருக்கு விளையாட்டாக இருக்கிற மணல் இன்னொருவருக்கு என்னவாக இருக்கிறது என்பது தெரிந்துதான் நாம் அங்கே ஓட வேண்டும். உங்கள் தம்பிக்கும் இதைச் சொல்லுங்கள்.

அம்மாவின் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. உங்களுடைய பதிலாகத்தான் இருக்க முடியும். ஆனால் அந்தக் கேள்வியை ஒரு புத்தகம் முழுக்கச் சுமந்துகொண்டு ஓடியவர் ஒருவர் உண்டு. கிர்க் ஜான்சன் என்ற நியூயார்க் டைம்ஸ் நிருபர். ஓட்டத்தை நேசித்த அவருடைய சகோதரர் தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். அந்தத் துக்கத்தைத் தொடர்ந்துபோய், ஓட்டத்தைத் தொழிலாகக் கொள்ளாத ஜான்சன் 1999இல் பேட்வாட்டருக்குப் போய் நின்றார். ‘டு தி எட்ஜ்’ என்ற அந்தப் புத்தகம் 2001இல் வந்தது. எதற்காக ஓடுகிறோம் என்று அவர் பக்கத்துக்குப் பக்கம் கேட்டுக்கொண்டே இருக்கிறார், அவசரப்பட்டுப் பதில் சொல்லிவிடுவதில்லை. என் கையிலிருக்கும் அல்ட்ரா புத்தகங்களில் நான் மூன்று முறை படித்தது இது ஒன்றுதான்.

கடையில் இப்போது எளிதில் கிடைக்காது. உங்கள் முகவரியை இதழ் அலுவலகத்துக்கு எழுதி அனுப்புங்கள், என் பிரதியைக் கொடுத்துவிடுகிறேன். பக்க ஓரமெல்லாம் பென்சில் குறிப்புகள் இருக்கும். பிதியாவில் தொலைந்த அன்று இரவு எழுதியதும் அதில் உண்டு. படித்துவிட்டு, உங்கள் குறிப்புகளையும் எழுதித் திருப்பி அனுப்புங்கள்.